தலையில் ஏறிய மகுடம்: கனவுகள் குறித்த வாசகர் கேள்வி பதில்

இந்த மாதக் கடிதக் கட்டைப் பிரித்தபோது ஐந்து கடிதங்களில் மகுடமோ ராணியோ வந்திருந்தார்கள். எழுதியவர்கள் ஒருவரையொருவர் அறியாதவர்கள். ஐந்தையும் ஒரே இதழில் சேர்த்துவிட்டேன். அடையாளம் தெரியக்கூடிய விவரங்களை நீக்கியிருக்கிறேன்; கனவுகளில் கை வைக்கவில்லை.

கேள்வி: எனக்கு 47 வயது. மூன்று மாதங்களுக்கு முன் அலுவலகத்தில் என்னைப் பிரிவுத் தலைவியாக்கினார்கள். என்னால் முடியுமா என்று பலமுறை யோசித்த பிறகே ஒப்புக்கொண்டேன். அதிலிருந்து ஒரே கனவு மூன்று முறை வந்துவிட்டது. பெரிய மண்டபம். யாரோ பின்னால் இருந்து என் தலையில் தங்க மகுடத்தை வைக்கிறார்கள். மண்டபம் நிறையக் கூட்டம்; ஒருவரும் என்னைப் பார்க்கவில்லை. வைத்தது யார் என்று திரும்பிப் பார்க்க நினைக்கிறேன், கழுத்து அசைய மறுக்கிறது. விழித்தால் பிடரி நிஜமாகவே வலிக்கிறது. ராஜயோகம் வரப்போகிறது என்கிறார் என் அத்தை. எனக்கோ பயமாக இருக்கிறது.

பதில்: சகோதரி, உங்கள் கடிதத்தை மூன்று முறை படித்தேன். இங்கே அதைச் சுருக்கி அச்சிட்டிருக்கிறோம். முழுக் கடிதத்தில் மகுடத்துக்கு நீங்கள் ஒதுக்கியது ஒரே ஒரு வரி. என்ன கல் பதித்திருந்தது, எப்படி மின்னியது என்று ஒரு சொல் கூடக் கிடையாது. கழுத்தைப் பற்றி மட்டும் ஒன்பது வரிகள் எழுதியிருக்கிறீர்கள். 26 ஆண்டுகளாகப் பிறர் கனவுகளைக் கேட்டுவருகிறவள் நான். சொல்பவர் எந்த இடத்தில் நின்று நின்று பேசுகிறாரோ, அங்கேதான் கனவின் உயிர் இருக்கும். உங்கள் அத்தை மகுடத்தைப் பிடித்துக்கொண்டார். நான் உங்கள் கழுத்திலிருந்து தொடங்குகிறேன்.

உண்மையான மகுடமே கழுத்தை வருத்தும் பொருள்தான். பிரிட்டன் அரச குடும்பத்தின் முடிசூட்டு விழாவில் சூட்டப்படும் செயின்ட் எட்வர்ட் மகுடம் 1661-ல் செய்யப்பட்டது. கெட்டித் தங்கம், எடை இரண்டு கிலோவுக்கும் அதிகம். 1953-ல் இரண்டாம் எலிசபெத் அதைச் சூடியபோது அவருக்கு வயது 27. பிற்பாடு நாடாளுமன்றத்தைத் தொடங்கிவைக்கும் நாட்களில் அவர் அணிந்தது வேறொரு மகுடம். அதன் எடை ஒரு கிலோவை ஒட்டியது. அதுவே எப்படிப் படுத்தும் என்பதை 2018-ல் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் அவர் சொன்னார்: உரையைப் படிக்கத் தலையைக் குனிய முடியாதாம்; தாளைத்தான் முகத்துக்கு நேரே உயர்த்த வேண்டுமாம்; குனிந்தால் கழுத்து முறிந்துவிடும் என்றார். அதைக் கேட்ட நாளிலிருந்து மகுடக் கனவு காண்பவர்களிடம் நான் முதலில் கேட்பது இதைத்தான்: இப்போது எந்த இடத்தில் உங்களால் குனிய முடியவில்லை? புரியாததைப் பக்கத்து மேசையில் போய்க் கேட்க முடிகிறதா? தவறு நேர்ந்தால் "தெரியாமல் செய்துவிட்டேன்" என்று சொல்ல முடிகிறதா? பதவி ஏறியவர்களுக்கு முதல் ஆறு மாதங்களில் பறிபோவது பெரும்பாலும் இந்தச் சுதந்திரம்தான்.

இன்னொன்று. நீங்கள் தமிழில் கனவு காண்கிறீர்கள். நம் மொழியில் "முடி" என்பது மகுடம், தலைமயிர், ஒன்றை நிறைவேற்று என்ற ஏவலும் அதுவே. "என்னால் முடியுமா" என்று பகலெல்லாம் உள்ளுக்குள் கேட்டுக்கொண்டிருந்த பெண்ணின் தலையில் இரவில் ஒரு முடி வந்து உட்கார்ந்தால் நான் வியப்படைய மாட்டேன். கனவுக்குச் சொல்விளையாட்டில் தீராத ஆசை உண்டு. பழங்காலத்தவர் இதை அறிந்திருந்தார்கள். கி.மு. 332-ல், இன்றைய லெபனானில் உள்ள தைர் நகரை முற்றுகையிட்டு மாதக்கணக்கில் தவித்துக்கொண்டிருந்த அலெக்சாண்டரின் கனவில் சாட்டிர் என்ற காட்டுத் தேவன் வந்தான். உடனிருந்த அரிஸ்டாண்டர் என்ற குறிசொல்லி "சாட்டிரோஸ்" என்ற கிரேக்கச் சொல்லை இரண்டாகப் பிரித்தார்: "சா தைரோஸ்", அதாவது "தைர் உன்னுடையது". நகரம் விழுந்தது. இந்த விளக்கம் கிரேக்கம் தெரிந்தவனுக்கு மட்டுமே பொருந்தும். அதனால்தான் வேற்றுமொழிக் கனவு அகராதிகளை மொழிபெயர்த்து "மகுடம் என்றால் புகழ்" என்று அச்சிட்டு விற்பதைப் பார்த்தால் எனக்குக் கோபம் வருகிறது. நம் மொழியில் "முடி" என்ற சொல்லுக்கு உள்ளே இருப்பவை அந்த அகராதிக்குத் தெரியாது.

கூட்டத்தில் ஒருவரும் உங்களைப் பார்க்கவில்லை என்கிறீர்கள். பதவி உயர்வுக்குப் பிறகு உங்களோடு சேர்ந்து சாப்பிட உட்காராத பழைய தோழிகள் யாராவது உண்டா? எனக்குப் பதில் எழுத வேண்டாம். உங்களுக்குத் தெரிந்தால் போதும்.

என் கனவு ஒன்றையும் சொல்கிறேன். என் தங்கையின் இரண்டு குழந்தைகளை நான் பொறுப்பேற்று வளர்க்கத் தொடங்கிய முதல் மாதம். கனவில் என் தலையிலும் ஒரு மகுடம். கைவைத்துப் பார்த்தால் அத்தனையும் சாவிகள். வளையம் வளையமாகக் கோத்த இரும்புச் சாவிகள். தலையை அசைத்தால் கலகலவென்று சத்தம். குழந்தைகள் விழித்துவிடுவார்களே என்று விடியும்வரை அசையாமல் உட்கார்ந்திருந்தேன். அதற்கு எந்த ஜோதிடரும் தேவைப்படவில்லை.

கடைசியாக ஒரு சாதாரண விஷயம்: தலையணை. தூக்கத்தில் உடம்பு உணரும் வலி, குளிர், சத்தம் ஆகியவை கனவுக்குள் வேடமிட்டு நுழைவது உண்டு. பிடரி வலி மகுடத்தால் வராமல், மகுடமே பிடரி வலியால் வந்திருக்கலாம். தலையணையை மாற்றிப் பாருங்கள். பகலிலும் வலி தொடர்ந்தால் மருத்துவரிடம் காட்டுங்கள்.

கேள்வி: அன்புள்ள அம்மா, எனக்கு 29 வயது. உயரமான நாற்காலியில் ஒரு வயதான ராணி அமர்ந்திருக்கிறார். நான் ஒரு காகிதத்தை நீட்டியபடி மண்டியிட்டிருக்கிறேன். அவர் அதை வாங்கவில்லை. அவர் முகம் எனக்குத் தெரியாத முகம். ஆனால் கைகள் என் அம்மாவின் கைகள். வலது கட்டைவிரலில் சூடுபட்ட தழும்பு வரை அப்படியே இருக்கிறது. ராணி கனவில் வந்தால் அம்மா என்று எங்கோ படித்தேன். உண்மையா?

பதில்: தம்பி, நீங்கள் படித்தது உளப்பகுப்பாய்வைத் தொடங்கிவைத்த சிக்மண்ட் ஃபிராய்டின் கருத்தாக இருக்கும். 1900 என்று ஆண்டிட்டு வெளிவந்த தம் கனவு நூலில், பேரரசரும் பேரரசியும் பெரும்பாலும் கனவு காண்பவரின் பெற்றோர், இளவரசனோ இளவரசியோ கனவு காண்பவரே என்று எழுதினார். குழந்தையின் கண்ணுக்கு வீட்டில் முதலில் ஆட்சி செய்பவர்கள் அவர்கள்தானே. இதில் உண்மை இருக்கிறது என்றே நினைக்கிறேன். அதைப் பூட்டுக்கு ஏற்ற சாவிபோல எல்லாக் கனவுக்கும் நுழைப்பதுதான் எனக்கு உடன்பாடில்லாதது. இன்னொரு உளவியல் அறிஞர் கார்ல் யுங் வேறு வழியில் போனார். ஆணின் கனவில் வரும் ராணி அவனுக்குள்ளேயே இருக்கும் பெண்மையின் உருவமாகவும் இருக்கலாம் என்றார்.

உங்கள் விஷயத்தில் ஃபிராய்டும் வேண்டாம், யுங்கும் வேண்டாம். கட்டைவிரல் தழும்பு போதும். அவ்வளவு நுணுக்கமாக ஒருவரின் கையை நினைவில் வைத்திருக்கும் மகன், அந்தக் கையில் கொடுக்க முடியாத காகிதம் ஒன்றை வைத்திருக்கிறான். அதில் என்ன எழுதியிருந்தது என்பதைச் சொல்லாமல் விட்டுவிட்டீர்கள். மறந்துபோனதா, எழுதக் கூச்சமா? வேலையை விடப்போகும் செய்தியா, மணக்க நினைக்கும் பெண்ணின் பெயரா, வாங்கிய கடனா? எதுவாக இருந்தாலும், முகம் மட்டும் வேறொருவருடையது என்பதைக் கவனியுங்கள். மறுக்கும் முகத்தை உங்கள் அம்மாவுக்குக் கொடுக்க உங்கள் மனம் சம்மதிக்கவில்லை. அவர் மறுப்பார் என்று நீங்களே முழுதாக நம்பவில்லை என்றுதான் நான் இதை வாசிக்கிறேன். பகலில் கேட்டுப் பாருங்கள், தம்பி. நாற்காலியில்லாத இடத்தில், இருவரும் தரையில் உட்கார்ந்திருக்கும்போது கேளுங்கள்.

கேள்வி: மகுடம் தலையிலிருந்து விழுந்து உடைவதாகக் கனவு கண்டேன். குடும்பத் தலைவருக்கு ஆபத்து என்கிறார்கள். என் அப்பா மருத்துவமனையில் இருக்கிறார். தூக்கமே வரவில்லை.

பதில்: மகளே, முதலில் இதைப் படியுங்கள்: உங்கள் கனவு அப்பாவின் உடம்பைத் தொடாது. தொடும் சக்தி அதற்குக் கிடையாது. உங்கள் பயம்தான் அந்த மகுடத்தைச் செய்தது. அந்தப் பயமே அதைக் கீழே போட்டது.

இந்த நம்பிக்கை நம்மிடம் வேரோடியிருப்பதற்குக் காரணம் உண்டு. நம் காப்பியங்களில் அரசியர் காணும் கனவுகள் பலித்துவிடுகின்றன. சிலப்பதிகாரத்தில், கண்ணகி நீதி கேட்டு வாயிலில் வந்து நிற்பதற்குச் சற்று முன், பாண்டிமாதேவி தன் தோழியிடம் தான் கண்ட தீக்கனவைச் சொல்கிறாள். வெண்கொற்றக் குடையும் செங்கோலும் விழுகின்றன. வாயில் மணி நடுங்கி ஒலிக்கிறது. இரவில் வானவில் தோன்றுகிறது. பகலில் விண்மீன் விழுகிறது. அதைச் சொல்லக் கணவனிடம் போகிறாள். சற்று நேரத்தில் எல்லாம் நடந்து முடிந்துவிடுகிறது.

அதைவிட உங்கள் கனவுக்கு நெருக்கமானது சீவக சிந்தாமணியில் இருக்கிறது. சச்சந்தன் என்ற மன்னனின் தேவி விசயை. பூத்துக் குலுங்கிய அசோக மரம் ஒன்று முறிந்து விழக் காண்கிறாள். அதன் அடியிலிருந்து ஒரு முளை எழுகிறது. முளையோடு ஒரு முடி, எட்டு மாலைகள். விடிந்ததும் கணவனிடம் கேட்கிறாள். முளையும் முடியும் பிறக்கப்போகும் மகன், எட்டு மாலைகள் அவனை மணக்கப்போகும் எட்டுப் பெண்கள் என்று மகிழ்ச்சியோடு சொல்கிறான். விழுந்த மரம் யார் என்று அவள் கேட்கிறாள். தனக்கு ஓர் இடையூறு உண்டு என்கிறான் அவன். விசயை மயங்கி விழுகிறாள். இந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு அடைக்கும். நல்ல செய்தி பாதி சொல்லப்பட்டிருக்கும்போதே மரத்தைப் பற்றிக் கேட்டுவிட்டாள் அந்தப் பெண். நீங்களும் அவளைப்போலவே மரத்தின் பக்கம்தான் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள்.

ஆனால் விசயைக்கும் உங்களுக்கும் ஒரு பெரிய வேறுபாடு உண்டு. அவள் கதையின் முடிவைத் திருத்தக்கதேவர் முன்னமே அறிவார். அமைச்சன் கட்டியங்காரன் துரோகம் செய்வான், விசயை மயில் வடிவப் பறக்கும் பொறியில் தப்பிச் சுடுகாட்டில் குழந்தை பெறுவாள், அந்தக் குழந்தை வளர்ந்து நாட்டை மீட்கும் என்பதெல்லாம் கவிஞரின் கையில் இருக்கிறது. பின்னால் வருவதைத் தெரிந்துகொண்டு முன்னால் கனவை வைக்கிறார். காப்பியக் கனவு பலிக்கும் ரகசியம் அவ்வளவே. உங்கள் கனவை எழுதியது உங்கள் தூக்கமின்மை. மருத்துவமனை நாற்காலியில் உட்கார்ந்தபடி அரைகுறையாகத் தூங்கும் ஒரு மகளுக்கு மகுடம் உடையாமல் வேறு என்ன கனவு வரும்?

அதே கனவு திரும்பத் திரும்ப வந்தால் ஒரு பயிற்சி சொல்கிறேன். கொடுங்கனவுகளுக்கு உளவியல் சிகிச்சையில் பயன்படுவதுதான். பகலில், விழிப்போடு, அந்தக் கனவை ஒரு தாளில் எழுதுங்கள். முடிவை மட்டும் உங்கள் விருப்பப்படி மாற்றுங்கள். மகுடம் விழுகிறது, நீங்கள் கையில் பிடித்துவிடுகிறீர்கள். அல்லது விழுந்ததை அப்பாவே குனிந்து எடுத்துத் துடைக்கிறார். எது மனத்துக்கு ஒட்டுகிறதோ அது. மாற்றிய கனவை நாள்தோறும் பத்து இருபது நிமிடம் கண்ணை மூடி ஓடவிட்டுப் பாருங்கள். சில வாரங்களில் பலருக்குப் பிடி தளர்வதைக் கண்டிருக்கிறேன். இன்றிரவு வேறு யாரையாவது அப்பாவின் அருகில் இருக்கச் சொல்லிவிட்டு நீங்கள் படுத்துத் தூங்குங்கள். இது ஆலோசனை அல்ல, என் வேண்டுகோள்.

கேள்வி: நான் மகுடத்தையோ ராணியையோ நேரில் பார்த்ததே கிடையாது. பிறகு எப்படிக் கனவில் வருகிறார்கள்? அறிவியல் என்ன சொல்கிறது?

பதில்: நேரில் பார்த்திருக்க மாட்டீர்கள், சீட்டுக்கட்டில், சதுரங்கப் பலகையில், குழந்தைப் பருவத்துப் படக்கதையில், பள்ளி நாடகத்தின் தங்கத்தாள் கிரீடத்தில் ஆயிரம் முறை பார்த்திருப்பீர்கள். மூளைக்கு அது போதும். 1953-ல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் அசெரின்ஸ்கி, கிளைட்மன் இருவரும் தூங்குபவரின் விழிகள் இமைக்குள் வேகமாக ஓடும் கட்டத்தைக் கண்டறிந்து வெளியிட்டார்கள். தெளிவான, கதைபோன்ற கனவுகள் மிகுதியாக வருவது அப்போதுதான். ஏறத்தாழ 90 நிமிடத்துக்கு ஒரு முறை அந்தக் கட்டம் திரும்ப வரும். விடியல் நெருங்க நெருங்க நீளும். விடிகாலைக் கனவு நினைவில் நிற்பதும், அதனாலேயே அது பலிக்கும் என்ற பேச்சு எழுந்ததும் இதனால் இருக்கலாம்.

கனவில் வருபவை பெரும்பாலும் பகல் கவலைகளின் தொடர்ச்சி என்பது கனவுகளை ஆயிரக்கணக்கில் சேகரித்து ஆராய்ந்தவர்கள் வந்து சேர்ந்த இடம். பிரையன் மாஸ்டர்ஸ் என்ற ஆங்கில எழுத்தாளர் 1972-ல் தம் நாட்டு மக்களுக்கு அரச குடும்பத்தைப் பற்றி வந்த கனவுகளைத் தொகுத்தார். அவற்றில் அரசி சாதாரண வீட்டுக்கு வந்து உட்கார்ந்து தேநீர் அருந்துகிறார். மக்கள் கண்ட கனவு அரண்மனையைப் பற்றியதல்ல பாருங்கள். பெரிய மனிதர் ஒருவர் தம் வீட்டுக்கு வந்து தம்மை ஒரு பொருட்டாக மதித்தார் என்பதுதான்.

இரண்டாம் நூற்றாண்டிலேயே ஆர்ட்டெமிடோரஸ் என்ற கிரேக்கர் ஐந்து பாகமாகக் கனவு நூல் எழுதினார். கண்டவர் யார், என்ன தொழில், செல்வரா வறியவரா, நலமா நோயா என்பதை அறியாமல் பொருள் சொல்லக் கூடாது என்றார். ஒரே மகுடம் ஆளுக்கு ஆள் மாறும். அவர் சொன்ன பலன்களை நான் ஏற்பதில்லை. கேட்கச் சொன்ன கேள்விகளை இன்றும் கேட்கிறேன்.

விழித்தவுடன் அசையாமல் படுத்திருங்கள். காட்சியை விட்டுவிட்டு உணர்வை முதலில் பிடியுங்கள்: பயமா, வெட்கமா, பெருமையா? பிறகு எழுதுங்கள்.

கேள்வி: எனக்கு 71 வயது. என் மனைவி இறந்து எட்டு மாதங்கள் ஆகின்றன. உயிரோடு இருந்த நாளில் காதில் சிறு தோடு தவிர நகையே அணியாதவள். சென்ற வாரம் கனவில் மகுடம் சூடி வந்தாள், இளமையாக. பேசவில்லை. சன்னல் ஓரம் நின்று மகுடத்தைக் கழற்றி விளிம்பில் வைத்துவிட்டுக் கூந்தலை அள்ளி முடிந்துகொண்டாள். என்னைப் பார்த்துச் சிரித்தாள். விழித்துவிட்டேன். அவளுக்கு ஏதாவது குறை இருக்கிறதா? நான் ஏதாவது செய்ய வேண்டுமா?

பதில்: ஐயா, குறை உள்ளவர் சிரிக்க மாட்டார். துணையை இழந்தவர்களின் கனவில் போனவர் நோயில்லாமல், இளமையாக வருவது மிகச் சாதாரணம். பலர் எனக்கு எழுதியிருக்கிறார்கள், உங்களைப்போலவே பயந்து. நீங்கள் எதுவும் செய்ய வேண்டியதில்லை.

மகுடத்தை அவருக்குச் சூட்டியது யார் என்று கேட்டால், நீங்கள்தான் என்று சொல்வேன். வாழ்நாளில் வாங்கித் தராத ஒன்றை, அவர் கேட்காத ஒன்றை, இந்த எட்டு மாதத் தனிமையில் அவர் தலையில் வைத்துப் பார்த்திருக்கிறீர்கள். அவர் அதைச் சற்று நேரம் சூடியிருந்தார். பிறகு கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, தினமும் செய்ததைச் செய்தார். கூந்தலை அள்ளி முடிந்துகொள்ளும் அந்த அசைவை நீங்கள் எத்தனை ஆண்டுகள் பார்த்திருப்பீர்கள்! உங்கள் கடிதத்தில் கையெழுத்து நடுங்கும் ஒரே இடம் அந்த வரி.

மகுடத்தைப் பற்றி நினைக்க வேண்டாம் ஐயா. அதை அவரே கழற்றிவிட்டார். கூந்தலை முடிந்தபோது அவர் முன்நெற்றியில் எப்போதும் பிரிந்து விழும் கற்றை ஏதாவது இருந்ததா, ஊசியைப் பல்லில் கடித்துக்கொள்வாரா, எந்தக் கையால் முதலில் அள்ளுவார் என்பதையெல்லாம் ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதிவையுங்கள். உங்களுக்கு விருப்பமிருந்தால் எனக்கும் அனுப்புங்கள். படிக்கக் காத்திருக்கிறேன்.